பெயரிட்டவரின் பெயர்

உலகத் திரைப்பட வரலாற்றைச் சிறிதளவேனும் படித்தவர்கள் இத்தாலிய நியோரியலிசம் என்ற சொல்லைக் கடந்து வந்திருப்பார்கள். இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு படப்பிடிப்புத் தளங்களை விட்டுத் தெருவுக்கு வந்து, வேலையற்றவனையும் மீனவனையும் ஓய்வூதியத்தில் காலம் தள்ளும் முதியவரையும் கதைமாந்தர் ஆக்கிய படங்களுக்கு வழங்கும் பெயர் அது. ரோசெல்லினி, டி சிகா, விஸ்கோன்டி ஆகிய இயக்குநர்களின் பெயர்கள் அச்சொல்லோடு சேர்ந்தே நினைவுக்கு வரும். நம் ஊர்த் திரைப்படச் சங்கங்கள் அலுக்காமல் திரையிடும் 'பைசைக்கிள் தீவ்ஸ்' அந்த வரிசையில் வந்ததுதான். ஆனால், இத்தாலியத் திரைப்படத்துக்கு அப்பெயரைப் பொருத்தியவர்களுள் முதல்வராகச் சொல்லப்படுபவர் இயக்குநர் அல்லர். ரோம் நகரில் படச்சுருள்களுக்கு நடுவே வேலை பார்த்த ஒரு படத்தொகுப்பாளர் அவர். மரியோ செராந்திரேய் என்பது அவர் பெயர்.

1907 மே 23-இல் நேப்பிள்ஸில் பிறந்த செராந்திரேய், 1930-களிலேயே திரைத்துறைக்கு வந்துவிட்டார். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அவர் கைவழியே திரைக்குப் போயின. அவர் தொழில் பழகிய காலத்தில் இத்தாலியில் முசோலினியின் ஆட்சி நடந்துகொண்டிருந்தது. செல்வந்தர் வீட்டுக் கூடத்தில் வெள்ளைத் தொலைபேசி பளபளக்க, பசியோ வறுமையோ எட்டிப் பார்க்காத காதல் கதைகளே அன்று மிகுதி. அத்தகைய படங்களுக்கு 'வெள்ளைத் தொலைபேசிப் படங்கள்' என்றே பெயர் நிலைத்துவிட்டது. அவற்றுக்கு நடுவிலும் சில விதிவிலக்குகள் முளைத்தன. அலெஸ்ஸாந்த்ரோ பிளாசெட்டி 1942-இல் இயக்கிய 'மேகங்களில் நான்கு அடிகள்' அவற்றுள் ஒன்று. அதனைத் தொகுத்தவரும் செராந்திரேய்தான்.

அதே ஆண்டில், மிலான் நகரின் பிரபு குடும்பத்தில் பிறந்த லுகினோ விஸ்கோன்டி தமது முதற்படத்தை எடுக்கத் தொடங்கினார். பிரான்சில் ழான் ரெனுவாரிடம் உதவியாளராக இருந்தபோது, ஜேம்ஸ் கெய்ன் என்ற அமெரிக்க எழுத்தாளரின் நாவலுடைய தட்டச்சுப் பிரதியை ரெனுவார் அவரிடம் தந்திருந்தார். உரிமை எதுவும் பெறாமலேயே அந்தக் கதையை விஸ்கோன்டி போ நதிச் சமவெளிக்குக் கொண்டுவந்தார். நெடுஞ்சாலையோரம் ஓர் உணவு விடுதி, அதன் பருத்த முதலாளி, அவனது இளம் மனைவி, வழிப்போக்கனாக வந்து சேரும் வேலையற்ற இளைஞன், பின்னர் ஒரு கொலை. 'ஒசெசியோனே' என்ற அந்தப் படத்தின் காட்சிகள் ஃபெராரா வட்டாரத்தில் எடுக்கப்பட்டு, படச்சுருள்கள் ரோமில் இருந்த செராந்திரேய்க்கு அனுப்பப்பட்டன. முதற்சுருள்களைப் பார்த்த அவர், தமது பாராட்டைத் தெரிவித்து விஸ்கோன்டிக்குக் கடிதம் எழுதினார். இவ்வகைத் திரைப்படத்தை நியோரியலிசம் என்றன்றி வேறெப்படி அழைப்பதென்று தமக்குத் தெரியவில்லை என்பது அக்கடிதத்தின் கருத்து. இதனைப் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தவர் விஸ்கோன்டியேதான்.

இலக்கிய உலகில் அச்சொல் அதற்கு முன்பே வழங்கி வந்தது உண்மை. உம்பெர்த்தோ பார்பரோ என்ற விமர்சகரும் 1943-இல் அச்சொல்லைத் திரைப்படத்துக்குக் கையாண்டிருக்கிறார். ஆகவே சொல்லை உருவாக்கியவர் செராந்திரேய் என்று கூறினால் அது மிகை. ஆனால், எந்தப் பொருளுக்கு அந்தச் சொல் உரியது என்பதைக் கண்டுகொண்டவர் அவர். வரலாற்றில் இரண்டாவதே அரிய செயல் என்பது என் எண்ணம்.

அது ஒரு படத்தொகுப்பாளருக்குத் தோன்றியது தற்செயல் அல்ல. தானிய மண்டியில் நாள் முழுதும் அமர்ந்திருக்கும் தரகர், மூட்டையிலிருந்து ஒரு கைப்பிடி நெல்லை எடுத்து உள்ளங்கையில் உருட்டிப் பார்த்தே அது எந்த மண்ணில் விளைந்தது என்று சொல்லிவிடுவார். விளைவித்த உழவருக்குத் தம் வயல் ஒன்றுதான் தெரியும். தரகருக்கு நூறு வயல்களின் நெல் தெரியும். ஆண்டுக்குப் பல படங்களின் சுருள்கள் செராந்திரேயின் மேசைக்கு வந்து போயின. கதை வரிசை இல்லாமல், இசை இல்லாமல், நடிகர்களின் குரல்கூட இல்லாமல் வெறும் காட்சித் துண்டுகளாக அவற்றைப் பார்ப்பது அவரது அன்றாட வேலை. மற்ற சுருள்களில் இல்லாத வெயிலும் புழுதியும் வியர்வையும் ஒரு சுருளில் இருப்பதை முதலில் கண்டறியும் இடத்தில் அவர்தான் இருந்தார்.

படத்தொகுப்பு என்றால் தேவையற்றதை வெட்டி எறிவது என்று பலரும் எண்ணுகிறார்கள். இன்று கணினித் திரையில் ஒரு பொத்தானை அழுத்தினால் வெட்டு விழுகிறது. மறுபொத்தானை அழுத்தினால் பழைய நிலைக்குத் திரும்புகிறது. அன்றைய நிலை வேறு. 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஒரு நொடிக்கு 24 சட்டகங்கள். ஒரு நிமிடப் படம் ஏறத்தாழ 27 மீட்டர் நீளம் ஓடும். இரண்டு மணி நேரப் படமாயின் மூன்றே கால் கிலோமீட்டர். எடுக்கப்பட்ட சுருளோ அதனைப் போலப் பல மடங்கு. மூவியோலா எந்திரத்தில் ஓட்டிப் பார்த்து, சட்டகத்தின் மேல் பென்சிலால் குறியிட்டு, கத்தரித்து, முனையில் உள்ள பூச்சைச் சுரண்டி, பசை தடவி ஒட்ட வேண்டும். ஒட்டிய இடத்தைப் பிரித்து மறுபடி ஒட்டினால் குறைந்தது ஒரு சட்டகம் வீணாகும். இந்தத் தொல்லையிலிருந்து தொழிலை விடுவித்தவரும் ஓர் இத்தாலியப் படத்தொகுப்பாளரே. ஃபெல்லினியின் 'லா தோல்சே வீட்டா'வைத் தொகுத்த லியோ கதோட்சோ, ஒட்டுநாடாவைக் கொண்டு சட்டகம் இழக்காமல் ஒட்டும் சிறு கருவியை உருவாக்கினார். உலகமெங்கும் வெட்டறைகளில் அது இடம்பிடித்தது. அதற்கு முன்பு வரை, ஒவ்வொரு வெட்டுக்கும் பொருளியலார் மொழியில் சொன்னால் ஒரு மீளாச் செலவு இருந்தது. எங்கே வெட்டுவதென்று கையில் கத்தரியை எடுப்பதற்கு முன்பே மனத்தில் முடிவாகியிருக்க வேண்டும்.

'ஒசெசியோனே' 1943-இல் வெளிவந்து ஆட்சியாளரின் சினத்துக்கு ஆளானது. படத்தின் நெகட்டிவ் அழிக்கப்பட்டது. விஸ்கோன்டி மறைத்து வைத்திருந்த பிரதி நெகட்டிவ் ஒன்றினால்தான் இன்று அப்படம் நமக்குக் கிடைக்கிறது. அதே ஆண்டில் முசோலினி வீழ்ந்தார், ஜெர்மானியப் படை ரோமைக் கைப்பற்றியது. 1944 ஜூனில் நகரம் விடுதலை பெறும்வரை நடந்த கொடுமைகளுள் கொடியது ஆர்தியாத்தினே குகைப் படுகொலை. எதிர்ப்பு இயக்கத்தினர் குண்டு வைத்ததற்குப் பழிவாங்க, 1944 மார்ச் 24-இல் 335 பேரை நகருக்கு வெளியே உள்ள குகைகளுக்குக் கொண்டுபோய்ச் சுட்டுக் கொன்றார்கள். சாகவேண்டியவர்களின் பட்டியலைத் தயாரிக்க உதவியவர்களுள் ரோம் காவல்துறைத் தலைவர் பியெத்ரோ கருசோவும் ஒருவர்.

செராந்திரேயின் வாழ்க்கையில் அதிகம் பேசப்படாத, ஆனால் என் கணிப்பில் மிகக் கடினமான பணி இந்த இடத்தில் வருகிறது. 1945-இல் வெளியான 'புகழின் நாள்கள்' என்ற ஆவணப்படத்தில் அவர் பெயர் தொகுப்பாளராக மட்டுமன்றி இயக்குநர்களுள் ஒருவராகவும் இடம்பெற்றது. விஸ்கோன்டி, ஜுசெப்பே தெ சாந்திஸ், மார்செல்லோ பலியெரோ ஆகியோர் மற்ற மூவர். குகைகளிலிருந்து உடல்களைத் தோண்டி எடுத்து உறவினர் அடையாளம் காட்டும் காட்சிகளைப் பலியெரோ படமாக்கினார். கருசோவின் விசாரணையைப் படமாக்க விஸ்கோன்டி கேமராக்களோடு சென்றார். 1944 செப்டம்பர் 18-இல் விசாரணை தொடங்கவிருந்த நீதிமன்றத்துக்குள் கூட்டம் புகுந்தது. கருசோ அகப்படவில்லை. சாட்சி சொல்ல வந்திருந்த ரெஜினா சேலி சிறையின் இயக்குநர் தொனாத்தோ கரெத்தாவைக் கூட்டம் அடித்து இழுத்துச் சென்று டைபர் ஆற்றில் மூழ்கடித்துக் கொன்றது. சில நாள்களில் கருசோவுக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது.

இவை அனைத்தும் படச்சுருளாகச் செராந்திரேயின் மேசைக்கு வந்தன. குகையில் கொல்லப்பட்டோரின் எலும்புகள் ஒரு சுருளில். நீதி கேட்டு வந்த கூட்டம் ஒரு மனிதரை அடித்தே கொல்வது மற்றொரு சுருளில். கற்பனைக் கதையில் இரு காட்சிகளை அடுத்தடுத்து ஒட்டினால் கதை நகரும். உண்மை நிகழ்வுகளில் அப்படி ஒட்டினால், ஒன்று மற்றொன்றுக்குக் காரணமாகிவிடும்; காரணம் நியாயமாகவும் மாறிவிடக்கூடும். எதற்குப் பின் எதை வைப்பது என்பது அங்கே அழகியல் கேள்வியாக இல்லை. அந்த நாடு தன் கடந்த ஆண்டுகளை எப்படிச் சொல்லிக்கொள்ளப் போகிறது என்ற கேள்வியாக இருந்தது. படம் வெற்றியாளரின் பெருமிதத்தோடு பேசுகிறது என்பதை மறுக்க முடியாது. ஆயினும் கரெத்தாவின் கொலை முற்றிலுமாக மறைக்கப்படவில்லை.

போர் முடிந்ததும் விஸ்கோன்டி சிசிலிக்குப் போனார். ஆசி திரெட்சா என்ற மீனவக் கிராமத்தில், அந்த ஊர் மக்களையே நடிக்க வைத்து, அவர்கள் பேசும் சிசிலிய மொழியிலேயே 'லா தெர்ரா த்ரேமா'வை எடுத்தார். நிலம் நடுங்குகிறது என்று பொருள். வெர்காவின் புகழ்பெற்ற நாவல் ஒன்றை அடியொற்றி 1948-இல் வந்த படம். வகுப்பறையில் சந்தைக் கட்டமைப்புகளைப் பாடமாக நடத்தியவன் என்ற முறையில் எனக்கு இப்படம் தனிப்பட விருப்பமானது. விற்போர் பலராகவும் வாங்குவோர் சிலராகவும் உள்ள சந்தையில் விலை யார் கையில் இருக்கும் என்பதை, கரையில் மீன் ஏலம் போகும் காட்சி அரைமணி நேரச் சொற்பொழிவைவிடத் தெளிவாகக் காட்டுகிறது. மொத்த வியாபாரியின் தராசைக் கடலில் வீசும் இளைஞன் நிதோனி, வீட்டை அடகு வைத்துச் சொந்தத்தில் மீன்பிடிக்கிறான். புயலில் படகு போகிறது. கடனுக்கு வீடு போகிறது. கடைசியில் அதே வியாபாரியின் படகில் கூலிக்குப் போகிறான்.

இந்தப் படத்தில் செராந்திரேய்க்கு இரண்டு புதிய சிக்கல்கள். இத்தாலியில் அக்காலத்தில் வசனத்தைப் படப்பிடிப்பின்போது பதிவு செய்யும் வழக்கம் இல்லை. ஊமைப்படம் போல எடுத்துவிட்டுப் பின்னர்க் குரல் சேர்ப்பார்கள். தொகுப்பாளருக்கு அது பெரும் வசதி. படத்தை எங்கு வேண்டுமானாலும் வெட்டலாம், பேச்சை அதற்கேற்பப் பின்னர்ப் பொருத்திக்கொள்ளலாம். 'லா தெர்ரா த்ரேமா'வில் மீனவர்களின் பேச்சு அந்த இடத்திலேயே பதிவாயிற்று. வாய் திறந்தால் ஒலி, ஒலி முடிந்தால்தான் வெட்டு என்ற கட்டுப்பாடு வந்தது. இரண்டாவது சிக்கல், காட்சிகளின் நீளம். கேமரா ஒரு வீட்டின் முற்றத்தில் நின்று, ஒரு பெண் பாத்திரம் கழுவி முடிக்கும் வரை, ஒரு படகு கரை சேரும் வரை காத்திருக்கிறது. வெட்டுவதற்கு வாய்ப்புக் குறைவு.

பிரெஞ்சு விமர்சகர் ஆந்த்ரே பஸான் நியோரியலிசத்தைப் போற்றியது இதன் பொருட்டே. துண்டுதுண்டாக வெட்டி ஒட்டிப் பார்வையாளரின் கையைப் பிடித்து இழுத்துச் செல்லாமல், உலகத்தை அதன் முழுமையோடும் அதன் கால ஓட்டத்தோடும் முன்வைக்கிறது என்பது அவரது வாதத்தின் சாரம். அந்த வாதம் உலகெங்கும் பாடப் பொருளாகிவிட்டது. படத்தொகுப்பு எவ்வளவுக்கெவ்வளவு குறைவோ அவ்வளவுக்கவ்வளவு உண்மை என்று அது சிலரால் சுருக்கவும்பட்டது. நியோரியலிசம் என்ற சொல்லைத் திரைக்குக் கொண்டுவந்த மனிதர் படத்தொகுப்பாளராக இருக்க, அச்சொல்லின் பெருமையோ தொகுப்பைத் தவிர்த்ததில் இருப்பதாகப் பேசப்பட்டது. வெட்டாமல் விடுவதும் ஒரு முடிவுதான் என்பதை அந்தப் பாடம் சொல்லித் தரவில்லை. இரண்டே முக்கால் மணி நேரத்தை நெருங்கும் படத்தில் ஒரு காட்சி மூன்று நிமிடம் நிற்பதற்கும் மூன்றரை நிமிடம் நிற்பதற்கும் உள்ள வேறுபாட்டை, பார்வையாளரின் பொறுமையை எடைபோட்டு ஒருவர் முடிவு செய்திருக்கிறார்.

1951-இல் வந்த 'பெல்லிசிமா'வில் வெட்டறையே ஒரு காட்சியாக வருகிறது. தன் சிறு மகளை நடிகையாக்கிவிட வேண்டும் என்று தவிக்கும் ஏழைத் தாயாக அன்னா மன்யானி நடித்த படம். திரைத் தேர்வின் முடிவை அறியச் சினெசித்தா படப்பிடிப்பு வளாகத்துக்குப் போகும் அந்தத் தாய், வெட்டறையில் வேலை செய்யும் ஓர் இளம்பெண்ணைச் சந்திக்கிறாள். தெருவில் கண்டெடுக்கப்பட்டு ஓரிரு படங்களில் நடித்துவிட்டு, வாய்ப்புகள் நின்றதும் படச்சுருள் ஒட்டும் வேலைக்கு வந்தவள் அவள். அந்தப் பாத்திரத்தில் தோன்றியவருக்கும் அது சொந்தக் கதையே. சாதாரண மக்களை நடிக்க வைத்த இயக்கத்தைப் பெருமையாகப் பேசுகிறோம். படம் முடிந்த பின்பு அந்த மக்கள் என்ன ஆனார்கள் என்று கேட்ட படம் இதுதான். அந்தக் கேள்வி வெட்டறையில் வைத்துக் கேட்கப்படுவதை, வெட்டறைக்காரர் ஒருவர் மேசையில் வைத்து ஒட்டியிருக்கிறார்.

1949-ஆம் ஆண்டுச் சட்டம், அந்நாளில் இளம் அமைச்சக அதிகாரம் பெற்றிருந்த அந்த்ரேயோத்தியின் பெயரால் அறியப்படுவது, இத்தாலியப் படங்களுக்கு அரசுக் கடனும் திரையரங்க ஒதுக்கீடும் தந்தது. கூடவே கதை முன்கூட்டியே பார்வைக்கு வர வேண்டிய நிலையையும் உண்டாக்கியது. உதவி தருபவர் கணக்குக் கேட்பார் என்பது பொதுநிதியில் எங்கும் உள்ள நிலை. கணக்கோடு நில்லாமல் கருத்தையும் கேட்டதுதான் இடறல். விஸ்கோன்டியின் 'சென்ஸோ' 1954-இல் வந்தபோது, 1866-இல் இத்தாலி தோற்ற கஸ்தோசா போரைக் காட்டும் பகுதிகள் இராணுவத் தரப்பின் எதிர்ப்பால் குறைக்கப்பட்டன. முடிவும் மாற்றப்பட்டது. 1960-இல் 'ரோக்கோவும் அவன் சகோதரர்களும்' வந்தபோது மிலான் அரசு வழக்குரைஞர் சில காட்சிகளை நீக்கச் சொன்னார். நீக்குவதற்குப் பதிலாக, திரையரங்கில் அந்தக் காட்சிகள் வரும்போது திரையை இருட்டாக்குவது என்ற விந்தையான உடன்பாடு ஏற்பட்டது. மாதக்கணக்கில் ஒருவர் நொடிநொடியாக அளந்து ஒட்டிய காட்சிகள் இருட்டில் ஓடின.

அந்த இருட்டில் மறைக்கப்பட்டவற்றுள் ஒன்று செராந்திரேயின் கைத்திறனுக்குச் சிறந்த சான்று. தெற்கே லுக்கானியாவிலிருந்து பிழைப்புத் தேடி மிலானுக்கு வந்த விதவைத் தாயும் ஐந்து மகன்களும். 1950-களின் இறுதியில் வடக்கின் தொழிற்சாலைகள் தெற்கின் கிராமங்களை உறிஞ்சிக்கொண்டிருந்த காலம். பொருளியலார் அதனை இத்தாலியின் பொருளாதார அதிசயம் என்று எழுதினார்கள். அந்த அதிசயத்துக்கு ஒரு குடும்பம் கொடுத்த விலையை இப்படம் சொல்கிறது. முடிவை நெருங்கும் வேளையில் இளையவன் ரோக்கோ குத்துச்சண்டை மேடையில் மோதிக்கொண்டிருக்கிறான். அதே நேரத்தில், தம்பியிடமும் அவனிடமும் அன்பு கொண்டிருந்த நாதியா என்ற பெண்ணை அண்ணன் சிமோனே ஆளில்லாத நீர்க்கரையில் கத்தியால் குத்துகிறான். மேடையும் கரையும் மாறிமாறி வருகின்றன. ஒருவன் அடிக்கும் அடி மற்றவனின் குற்றத்தில் போய் விழுவதாகத் தோன்றுகிறது. அண்ணனின் கடனைத் தீர்ப்பதற்காகவே தம்பி மேடை ஏறியவன். அந்த உறவை வசனம் ஏதுமின்றி, வரிசை ஒன்றினாலேயே அங்கே உணர வைத்திருக்கிறார்கள்.

இத்தகைய படங்களை மட்டும் தொகுத்துக்கொண்டு ஒருவர் குடும்பம் நடத்தியிருக்க முடியுமா என்பது ஐயமே. விஸ்கோன்டி இரண்டு மூன்று ஆண்டுகளுக்கு ஒரு படம் எடுப்பவர். செராந்திரேயின் பட்டியலில் 1958-இல் வந்த 'ஹெர்குலஸ்' இருக்கிறது. உடற்பயிற்சி வீரர் ஸ்டீவ் ரீவ்ஸ் நடித்த புராணப்படம் அது. ஜோசப் லெவின் என்ற அமெரிக்க வணிகர் அதனை மலிவாக வாங்கி, வாங்கிய விலையைப்போலப் பன்மடங்கு விளம்பரத்தில் கொட்டி, அமெரிக்காவில் பெரும் வசூல் கண்டார். 1960-இல் மரியோ பாவா எடுத்த பேய்ப்படமான 'பிசாசின் முகமூடி'யும் அவர் தொகுத்ததே. அதன் திரைக்கதையிலும் அவருக்குப் பங்குண்டு. 'ரோக்கோ'வும் பேய்ப்படமும் ஒரே ஆண்டில் ஒரே மேசையில்! உயர்ந்த கலை, தாழ்ந்த வணிகம் என்ற பிரிவினை விமர்சகர்களுக்கு உண்டு. தொழிலாளிக்கு வேலை வேலைதான். பேய்ப்படத்தில் எந்த நொடியில் கதவு திறக்க வேண்டும் என்று கணித்த கையே, குத்துச்சண்டை மேடையிலிருந்து நீர்க்கரைக்கு எந்த நொடியில் தாவ வேண்டும் என்றும் கணித்தது.

பொருளியலில் கூட்டு உற்பத்தி பற்றிய ஒரு பழைய சிக்கல் உண்டு. ஆர்மன் ஆல்ச்சியன், ஹெரால்ட் டெம்செட்ஸ் ஆகிய இருவரும் 1972-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையில் அதற்கு எளிய எடுத்துக்காட்டு ஒன்றைத் தந்தார்கள். இருவர் சேர்ந்து கனமான சரக்கை லாரியில் ஏற்றுகிறார்கள். மாலையில் மொத்தம் எவ்வளவு ஏற்றினார்கள் என்று எடை பார்க்கலாம். அதில் யாருடைய பங்கு எவ்வளவு என்று எடை பார்க்க முடியாது. பங்கை அளக்க முடியாதபோது, கண்காணிக்கும் ஒருவரை வைத்து, எல்லோருக்கும் கூலி கொடுத்தது போக எஞ்சுவதை அவருக்கே உரியதாக்குவது நிறுவனங்களின் வழி. திரைப்படத்தில் பணமாக எஞ்சுவது தயாரிப்பாளருக்குப் போகிறது. புகழாக எஞ்சுவது இயக்குநருக்குப் போகிறது. தொகுப்பாளரைப்போல முழுமையாக மறைந்துபோகும் பங்காளி வேறு யாருமில்லை. நடிகரின் முகம் தெரிகிறது, ஒளிப்பதிவாளரின் ஒளி தெரிகிறது, இசை காதில் விழுகிறது. நல்ல ஒட்டோ கண்ணுக்கே தெரிவதில்லை.

ஆகவே, படத்தைத் தொகுப்பாளர்தான் காப்பாற்றினார் என்று திரைத்துறையில் உலவும் கதைகளில் எனக்கு நம்பிக்கை குறைவு. தொகுப்பாளர் வெறும் கைக்கருவி என்ற எதிர்வாதத்திலும் அவ்வாறே. 1943 முதல் 1965 வரை விஸ்கோன்டி எடுத்த எட்டு முழுநீளக் கதைப்படங்களையும் தொகுத்தவர் செராந்திரேய். அவருக்குப் பின் வந்த விஸ்கோன்டியின் படங்கள் வேறு நடையில் இருக்கின்றன என்பதைக் காண்பவர் எவரும் உணரலாம். அதற்குத் தொகுப்பாளர் மாறியதே காரணம் என்று நிறுவ முடியுமா? முடியாது. வண்ணம், வெளிநாட்டு முதலீடு, ஜூம் லென்ஸ், இயக்குநரின் வயது என எல்லாமே அதே ஆண்டுகளில் மாறின. பல மாறிகள் ஒருசேர மாறும்போது ஒன்றின் விளைவை மட்டும் தனித்தெடுக்க இயலாது என்று மாணவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தவன், இங்கு மட்டும் விதிவிலக்குக் கேட்க முடியாது.

ஆனால், பணியின் இயல்பிலிருந்தே பங்கை ஓரளவு ஊகிக்கத்தக்க படம் ஒன்று இருக்கிறது. 'லா தெர்ரா த்ரேமா'வில் விஸ்கோன்டியின் உதவியாளராக இருந்த ஃபிரான்செஸ்கோ ரோஸி 1962-இல் எடுத்த 'சல்வத்தோரே ஜூலியானோ'. சிசிலியின் புகழ்பெற்ற கொள்ளைக்காரன் ஜூலியானோ 1950 ஜூலை 5-இல் காஸ்தெல்வெத்ரானோ என்ற ஊரின் ஒரு முற்றத்தில் பிணமாகக் கிடந்தான். படம் அந்தப் பிணத்திலிருந்து தொடங்குகிறது. அதிகாரி ஒருவர் உடல் கிடக்கும் விதத்தையும் உடையையும் வரிவரியாகச் சொல்லி எழுத வைக்கிறார். அங்கிருந்து படம் 1945-க்குத் தாவுகிறது. மறுபடி 1950-க்கு வருகிறது. 1947 மே தினத்தில் போர்தெல்லா தெல்லா ஜினெஸ்த்ராவில் கூடிய உழவர்களின் மீது துப்பாக்கிச்சூடு நடந்து 11 பேர் இறந்த நிகழ்வுக்குப் போகிறது. பிறகு வித்தெர்போ நீதிமன்றத்துக்கு வருகிறது. ஜூலியானோவைக் காட்டிக்கொடுத்த கூட்டாளி பிஷோத்தா சிறையில் நஞ்சுண்டு துடிப்பது வரை செல்கிறது. படத்தின் தலைவனான கொள்ளைக்காரனின் முகத்தை உயிரோடு நாம் பார்ப்பதே அரிது. தொலைவில் ஒரு வெள்ளை மழையங்கி தெரியும், அவ்வளவே.

திரைக்கதையிலேயே இந்தத் தாவல்கள் திட்டமிடப்பட்டவை என்பதை மறந்துவிடக் கூடாது. எழுத்தில் ஆண்டைக் குறிப்பிட்டுவிட்டுத் தாவுவது எளிது. திரையில் பார்வையாளர் வழி தவறாமலும், அதே நேரம் முழு விடை கிடைத்துவிட்டதென்று நிம்மதி கொள்ளாமலும் இருக்க வேண்டும். கொன்றவர் யார், கொல்லச் சொன்னவர் யார் என்பதில் அரசும் மாஃபியாவும் நிலக்கிழார்களும் கலந்திருக்கும் ஒரு நிகழ்வை, காலவரிசைப்படி சொன்னால் அது முடிவு தெரிந்த கதையாகிவிடும். ஒரு வழக்குக் கட்டினைப் பிரித்துப் போட்டு, தாள்களை வேறு வரிசையில் அடுக்குவதுபோல அப்படம் அமைந்திருக்கிறது. 'புகழின் நாள்கள்' காலத்தில் உண்மையான பிணங்களின் சுருள்களை வரிசைப்படுத்தியவர், 17 ஆண்டுகள் கழித்து, நடித்துக் காட்டப்பட்ட உண்மையை வரிசைப்படுத்துகிறார். முன்னதில் வெற்றியாளரின் உறுதி இருந்தது. பின்னதில் அந்த உறுதி இல்லை. அந்த இடைவெளியில் இத்தாலியக் குடியரசின் முதற்பதினைந்து ஆண்டுகள் அடங்கியிருக்கின்றன.

அடுத்த ஆண்டே ரோஸி, செராந்திரேயின் பிறந்த ஊரான நேப்பிள்ஸின் கட்டுமானக் கொள்ளையை 'நகரத்தின் மீது கைகள்' என்ற படமாக எடுத்தார். ஒரு பழைய கட்டடம் இடிந்து விழுவதில் தொடங்கி, நகராட்சி விசாரணைக் குழுவின் கூட்டங்கள் வழியே நகர்கிறது. விவசாய நிலம் மனைநிலமாக மாறும்போது உண்டாகும் உபரி யாருக்குப் போகிறது என்பதை இதைப்போல் காட்டிய படம் வேறொன்றை நான் அறியேன். தங்கள் கைகள் தூய்மையானவை என்று மன்ற உறுப்பினர்கள் கைகளை உயர்த்திக் காட்டும் காட்சியைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். வெனிஸ் விழாவில் அப்படத்துக்குத் தங்கச் சிங்கம் கிடைத்தது.

அதே 1963-இல் 'சிறுத்தை' வந்தது. கரிபால்டியின் படை சிசிலிக்கு வந்தபோது மங்கத் தொடங்கிய ஒரு பிரபுவின் கதை. பர்ட் லங்காஸ்டர் நடித்தார். கான் விழாவில் முதற்பரிசு பெற்றது. படத்தின் இறுதியில் ஏறக்குறைய 45 நிமிடங்கள் ஒரு நடன விருந்து நீள்கிறது. கதை என்று சொல்லத்தக்கது அதில் அதிகம் இல்லை. ஒரு கிழட்டு மனிதர் அறை அறையாக நடக்கிறார், களைக்கிறார், ஒரு மரணப் படுக்கை ஓவியத்தின் முன் நிற்கிறார், ஓர் இளம்பெண்ணுடன் ஆடுகிறார். ஒரு வகுப்பு முழுவதும் விடைபெறுவதை அந்த நீளம்தான் உணர்த்துகிறது. அமெரிக்காவில் ஃபாக்ஸ் நிறுவனம் அதனை ஆங்கிலத்தில் குரல் மாற்றி, 161 நிமிடங்களாகச் சுருக்கி, மங்கிய வண்ணப் பிரதிகளில் வெளியிட்டது. அந்தப் படம் தம்முடையதே இல்லை என்று விஸ்கோன்டி பொதுவெளியில் கோபித்துக்கொள்ள முடிந்தது. தொகுப்பாளருக்கு அத்தகைய மேடை கிடையாது. பல ஆண்டுகள் கழித்து மீட்டெடுக்கப்பட்ட பிரதி வந்தபோதுதான் உலகம் அந்த விருந்தின் முழு நீளத்தைக் கண்டது. தயாரித்த தித்தானுஸ் நிறுவனமோ இந்தப் படத்தின் செலவாலும் வேறொரு பெரும்படத்தின் செலவாலும் நொடித்துப்போய்த் தயாரிப்பையே நிறுத்திக்கொண்டது.

1965-இல் விஸ்கோன்டியின் 'சாந்த்ரா'வுக்கு வெனிஸில் தங்கச் சிங்கம் கிடைத்தது. அதனைத் தொகுத்தவரும் செராந்திரேயே. அடுத்து கில்லோ பொந்தெகோர்வோ அல்ஜியர்ஸ் நகரில் படமாக்கிய சுருள்கள் அவரிடம் வந்தன. பிரெஞ்சு ஆட்சிக்கு எதிரான நகர்ப்புறக் கிளர்ச்சியை, செய்திப்படம் என்று மயங்கத்தக்க சொரசொரப்பான கறுப்பு வெள்ளையில் சொல்லும் 'அல்ஜியர்ஸ் போர்' அது. மூன்று பெண்கள் கூடைகளில் குண்டுகளைச் சுமந்து சோதனைச் சாவடிகளைக் கடந்து ஐரோப்பியர் பகுதிக்குப் போகிறார்கள். குண்டு வெடிப்பதற்கு முன் அந்தச் சிற்றுண்டி விடுதியில் உள்ளவர்களின் முகங்கள் ஒவ்வொன்றாக வருகின்றன. ஐஸ்கிரீம் சாப்பிடும் குழந்தையின் முகமும் அவற்றுள் ஒன்று. கிளர்ச்சியாளர் பக்கம் நிற்கும் படம், அந்த முகத்தை நீக்கிவிடவில்லை.

அந்தப் பணியின் காலத்திலேயே, 1966 ஏப்ரல் 17-இல், செராந்திரேய் ரோமில் காலமானார். அப்போது அவருக்கு வயது 58. படத்தின் பெயர்ப் பட்டியலில் தொகுப்பு என்ற தலைப்பின் கீழ் இளையவரான மரியோ மோராவின் பெயரும் அவர் பெயரும் சேர்ந்தே உள்ளன. அவ்வாண்டு வெனிஸ் விழாவில் பிரெஞ்சுக் குழுவினர் எதிர்ப்புத் தெரிவித்து அரங்கை விட்டு வெளியேற, அப்படம் தங்கச் சிங்கத்தை வென்றது. விஸ்கோன்டி அடுத்து ஆல்பெர் காம்யுவின் 'அந்நியன்' நாவலைப் படமாக்கினார். அதுவும் அல்ஜியர்ஸ் நகரின் கதையே. 1967-இல் அதனைத் தொகுத்தவர் நடிகர் மார்செல்லோ மாஸ்த்ரொயானியின் தம்பி ருஜ்ஜெரோ.